ஃபுஜியோகா ஹிரோஷி, – ஒரு வெட்டுக்கிளி முகமூடியும் நாற்பத்தைந்து ஆண்டுகளும் (காற்புள்ளி எழுத்துப் பிழையல்ல)

சைக்ளோன் சவாரி எழுதியது:

கமென் ரைடர் என்ற ஜப்பானிய சூப்பர் ஹீரோ தொலைக்காட்சித் தொடரின் பெயரைச் சொன்னதும் கண்முன் வருவது ஒரு கை அசைவு. வலது கையை வாள்போல் விறைப்பாக இடப்பக்கம் மேலே நீட்டி, இடது முட்டியை இடுப்பில் ஊன்றி, நீட்டிய கையை நிதானமாக வலப்பக்கம் சுழற்றிக் கொண்டுவந்து, "ஹென்ஷின்!" (அதாவது, உருமாற்றம்) என்று குரல் எழும் நொடியில் கைகளைச் சட்டென்று மாற்றுவது. ஜப்பானில் இதைச் செய்து பார்க்காத பையன் இல்லை என்பார்கள். இது அதன் முதல் நாயகனாக நடித்த ஃபுஜியோகா ஹிரோஷியின் அடையாளம். எழுபது வயதில் திரையில் செய்தபோதும் கை நடுங்கவில்லை.

ஆனால் 1971 ஏப்ரல் 3 அன்று அந்தத் தொடர் தொடங்கியபோது இப்படி ஒரு அசைவே கிடையாது. அதை முதலில் கொண்டுவந்தவரும் அவரில்லை. அவர் கால் ஒடிந்து கிடந்த காலத்தில், அவருக்குப் பதிலாக வந்தவருக்காகப் பிறந்தது அது. இந்த இழையை நான் தொடங்குவதே இதைப் பேசத்தான்.

தெரியாதவர்களுக்காகக் கதைச் சுருக்கம். ஹோங்கோ தகேஷி ஒரு பல்கலைக்கழக மாணவன், பைக் பந்தய வீரன். ஷாக்கர் என்ற ரகசிய அமைப்பு அவனைக் கடத்தி, அறுத்து, வெட்டுக்கிளியின் ஆற்றல் கொண்ட மாற்று மனிதனாக ஆக்குகிறது. மூளையைச் சலவை செய்வதற்கு முன்னால் தப்பிவிடுகிறான். இடுப்பு பெல்ட்டில் ஒரு சிறு காற்றாடி. பைக்கில் சீறிப் போகும்போது எதிர்க்காற்று பட்டு அது சுழன்றால் உருமாற்றம். ஆரம்பத்தில் அவ்வளவுதான். கையை ஆட்டுவதும் இல்லை, கத்துவதும் இல்லை.

அந்த முதல் எபிசோடுகளைப் பார்த்தால் சிறுவர் தொடர் என்றே தோன்றாது. இருட்டு, பனிமூட்டம், ஒகோச்சி அணைக்கட்டின் வெறுமையான கான்கிரீட், எதிரியாக ஒரு சிலந்தி மனிதன். பேய்க்கதைபோல இருக்கும். ஃபுஜியோகாவுக்கு அப்போது 25 வயது. எஹிமே மாகாணத்துக்காரர். சிறு வயதிலிருந்தே தற்காப்புக் கலை பயின்றவர். 1965-ல் ஷோச்சிகு நிறுவனத்தின் வழியாகத் திரைக்கு வந்து பெரிய பெயர் எதுவும் எடுக்காமல் இருந்தவர். இந்தத் தொடரில் முகத்தைக் காட்டியதோடு நிற்கவில்லை. முகமூடியையும் உடுப்பையும் தானே மாட்டிக்கொண்டு சண்டை போட்டார், பைக் ஓட்டினார். சந்தேகம் இருந்தால் தொடக்க எபிசோடுகளில் ரைடரின் பின்கழுத்தைப் பாருங்கள். தலைக்கவசத்துக்குக் கீழே அவருடைய முடி வெளியே எட்டிப் பார்க்கும். அந்த முடிதான் என்னை முதன்முதலில் இந்தத் தொடருக்குள் இழுத்தது. உள்ளே ஆள் இருக்கிறான், அதுவும் அதே ஆள்!

பிறகு 9, 10-ஆம் எபிசோடுகளின் படப்பிடிப்பின்போது பைக் விபத்து. இடது தொடை எலும்பு மோசமாக முறிந்தது. வாரா வாரம் ஒளிபரப்பாக வேண்டிய தொடர், கதாநாயகன் மருத்துவமனையில்.

இனி மற்றவர்கள் தொடரலாம். ஒரு வேண்டுகோள்: அவர் பெயருக்குப் பின்னால் நான் போட்டிருக்கும் காற்புள்ளியை யாரும் எடுத்துவிடாதீர்கள். காரணத்தைப் பின்னர் சொல்கிறேன்.

நெறியாளர் எழுதியது:

தலைப்பில் பெயருக்குப் பின்னால் தேவையில்லாத காற்புள்ளி இருந்தது, நீக்கிவிட்டேன். இழை "அயல்நாட்டுத் திரை" பிரிவுக்கு மாற்றப்பட்டுள்ளது.

சைக்ளோன் சவாரி எழுதியது:

ஐயா, கடைசி வரியை மட்டும் படிக்காமல் விட்டுவிட்டீர்கள்.

பினாங்கு மாறன் எழுதியது:

அருமையான தொடக்கம். நான் இதற்குள் வந்தது பின்வாசல் வழியாக. மலேசியத் தொலைக்காட்சியில் மலாய் மொழியில் கமென் ரைடர் பிளாக் பார்த்து வளர்ந்த தலைமுறை நாங்கள். அது 1987-ல் ஜப்பானில் வந்தது. பச்சைத் தலையோடு ஒரு பழைய ரைடர் உண்டு என்பதே எனக்கு இருபது வயதுக்கு மேல்தான் தெரியும். என் அப்பா மட்டும் பள்ளிக்கூடத்து நாளில் "அந்தப் பூச்சிக்காரனை"ப் பார்த்த கதையை அடிக்கடி சொல்வார், நாங்கள் நம்பியதில்லை.

ஒரு கேள்வி. கதாநாயகன் படுக்கையில் கிடக்கும்போது அந்த வாரங்களை எப்படி ஓட்டினார்கள்?

சைக்ளோன் சவாரி எழுதியது:

ஒட்டுப்போட்டு ஓட்டினார்கள் மாறன். முன்பே எடுத்த காட்சிகளிலிருந்து ஃபுஜியோகாவின் முகத்தை வெட்டி எடுத்து நடுநடுவே செருகினார்கள். வசனத்துக்கு வேறொருவர் பின்னணிக் குரல் கொடுத்தார். முகமூடி போட்ட காட்சிகளை ஓனோ கென்யூகாய் என்ற சண்டைக் குழுவினர் ஏற்றுக்கொண்டார்கள். முகமூடி இருப்பதில் இதுதான் வசதி, உள்ளே யார் என்று வீட்டில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைக்குத் தெரியாது.

ஆனால் முகமூடி இல்லாத நேரத்தில் ஓட, உதைக்க, விழ ஒரு மனிதன் வேண்டுமே! அதற்காக 11-ஆம் எபிசோடில் தாகி கசுயா என்ற எஃப்.பி.ஐ. அதிகாரியைக் கதைக்குள் நுழைத்தார்கள். நடித்தவர் சிபா ஜிரோ. சோனி சிபா என்று உலகம் அறிந்த சண்டைப்பட நடிகரின் தம்பி. அடியாள்களை வெறும் கையால் புரட்டும் வேலை அவருக்கு. ஓட்டையை அடைக்க வந்த பாத்திரம், கடைசிவரை நிலைத்துவிட்டது.

இப்படி 13 எபிசோடு வரை தள்ளினார்கள். அதற்கு மேல் முடியவில்லை. ஹோங்கோவைக் கதையில் கொன்றுவிடலாம் என்றொரு பேச்சு எழுந்தது. தயாரிப்பாளர் ஹிரயாமா தோரு ஒப்பவில்லை. நாயகன் செத்தால் பிள்ளைகள் மனம் உடையும் என்பது அவர் வாதம். எனவே ஹோங்கோ ஷாக்கரை எதிர்க்க வெளிநாடு போய்விட்டான் என்று கதை கட்டி, இரண்டாம் ரைடரைக் கொண்டுவந்தார்கள். 1971 ஜூலை 3, 14-ஆம் எபிசோடு. பாத்திரம் இச்சிமோன்ஜி ஹயாத்தோ, புகைப்படக்காரன். நடிகர் சசாகி தகேஷி.

சசாகியிடம் அப்போது பைக் ஓட்டும் உரிமம் இல்லை! காற்றில் பெல்ட் சுழன்று உருமாறும் நாயகனுக்கு பைக் ஓட்டத் தெரிந்திருக்க வேண்டாமா? நின்ற இடத்திலேயே உருமாற ஒரு வழி தேவைப்பட்டது. இரு கைகளையும் பக்கவாட்டில் நீட்டி, தலைக்கு மேலாக மறுபக்கம் சுழற்றிக் கொண்டுவந்து, முட்டிகளை மடக்கி நிறுத்துகிற அசைவு பிறந்தது. கூடவே "ஹென்ஷின்" என்ற கூவல். அதன்பின் என்ன ஆயிற்று என்பது உங்களுக்குத் தெரியும். இன்றுவரை வந்த பெரும்பாலான ரைடர்கள் சும்மா உருமாறுவதில்லை.

ஓட்டுநர் உரிமம் ஒன்று இல்லாததால் ஐம்பதாண்டு மரபு பிறந்தது. இதைக் கதையில் எழுதினால் நம்ப மாட்டோம்.

கரிசல் கண்ணன் எழுதியது:

தகவலுக்கு நன்றி. ஆனால் இழையின் தலைப்பே எனக்கு உடன்பாடில்லை.

98 எபிசோடுகளைக் கணக்குப் போட்டுப் பாருங்கள். முதல் 13-ல் பாதிக்கு மேல் விபத்துக்கு முன் எடுத்தவை, மீதி ஒட்டுவேலை. 14 முதல் 52 வரை 39 எபிசோடுகளைச் சுமந்தவர் சசாகி. (இன்னொரு புகழ்பெற்ற ஜப்பானிய நாயகத் தொடரான அல்ட்ராமேன் மொத்தமே 39 எபிசோடுதான் என்பதை நினைவில் வையுங்கள்!) ஃபுஜியோகா முழுமையாகத் திரும்பியது 53-ல், 1972 ஏப்ரலில். தொடர் மக்களைப் பைத்தியமாக்கியது நடுவில். பிள்ளைகள் தெருவில் கையைச் சுழற்றத் தொடங்கியது நடுவில். கால்பி நிறுவனம் 20 யென்னுக்கு ரைடர் அட்டை வைத்து நொறுக்குத் தீனி விற்றதும், பிள்ளைகள் அட்டையை எடுத்துக்கொண்டு தீனியைக் குப்பையில் எறிந்ததும் 1971 கடைசியில் தொடங்கிய கூத்து. அப்போது திரையில் இருந்தவர் யார்?

ஊர் கூடித் தேர் இழுத்தது. ஒருவர் மட்டும் மேலே நின்று கையசைக்கிறார்.

அதுவும் போகட்டும். திரும்பி வந்த பிறகு உடுப்புக்குள் இருந்தவர் பெரும்பாலும் அவரில்லை. நகயாஷிகி தெத்சுயா, ஒகடா மசாரு போன்ற சண்டைக் கலைஞர்கள். "சூப்பர் ஹீரோ நடிகர்" என்று நாம் யாரைச் சொல்கிறோம்? முகத்தையா, முதுகெலும்பையா?

தேன்மொழி எழுதியது:

கண்ணன் அண்ணா கேட்ட கேள்வியைக் கொஞ்சம் உள்ளேயிருந்து சொல்கிறேன்.

கல்லூரி முடித்த கோடையில் ஒரு வணிக வளாகத்தில் கரடி வேடம் போட்டேன். நாளொன்றுக்கு நான்கு முறை, ஒவ்வொரு முறையும் இருபது நிமிடம் என்று பேச்சு. இருபது நிமிடம் ஒருநாளும் இருபது நிமிடமாக இருந்ததில்லை. பார்வை கரடியின் வாய்க்குள் வைத்த வலை வழியாக. மோவாய்க்குக் கீழே எதுவும் தெரியாது. குழந்தை வந்து காலைக் கட்டிக்கொண்டால் தொடு உணர்வில்தான் தெரியும். வேர்வை கண்ணில் இறங்கினால் துடைக்க முடியாது, இமையைக் கொட்டிக் கொட்டி எரிச்சலைப் பொறுக்க வேண்டும். முதல் நாளே கற்றுக்கொண்ட பாடம்: கழுத்தை மட்டும் ஆட்டினால் வெளியே எதுவும் தெரியாது. "ஆமாம்" என்று சொல்ல இடுப்பிலிருந்து குனிய வேண்டும்.

இதற்குப் பிறகு கமென் ரைடரின் முகமூடியைப் பார்த்தால் வேறு மாதிரித் தெரிகிறது. அந்தப் பெரிய சிவப்புக் கண்களால் உள்ளே இருப்பவர் பார்ப்பதில்லை. கண்ணுக்குக் கீழே கறுப்பாக ஒரு வடு ஓடுகிறதே, கண்ணீர்க் கோடுபோல, பார்வைத் துளை அங்கேதான் ஒளிந்திருக்கிறது. அந்தச் சந்து வழியாகப் பார்த்துக்கொண்டு ஒருவர் பைக் ஓட்டியிருக்கிறார். நான் அதை மாட்டிக்கொண்டு மாடிப்படிகூட இறங்க மாட்டேன்.

ஆகவே என் பதில்: முதுகெலும்புதான் பெரிது. ஆனால் முகமும் முதுகெலும்பும் ஒரே உடலாக இருந்த அந்த முதல் சில எபிசோடுகளில் வேறு எங்கும் கிடைக்காத ஒன்று இருக்கிறது. ஹோங்கோ நடக்கும் நடையும் ரைடர் நடக்கும் நடையும் ஒன்று. தோளைச் சற்று முன்தள்ளி, குதிகாலை அழுத்தி வைக்கும் நடை. பின்னால் வந்த உடுப்புக் கலைஞர்கள் முகம் காட்டும் நடிகரைக் கூர்ந்து பார்த்து அவர் நடையைக் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. தகாய்வா செய்ஜியை எடுத்துக்கொள்ளுங்கள். 2001-ல் அகிதோ தொடங்கி 2019-ல் ஸி-ஓ முடியும்வரை, ஹிபிகி நீங்கலாக, ஏறத்தாழ எல்லாத் தொடரிலும் முதன்மை ரைடரின் உடுப்புக்குள் இருந்தவர் அவர். ஆண்டுதோறும் முகம் வேறு, உடல் இவருடையது. 2007-ல் டென்-ஓ தொடரில் ஒரே உடம்புக்குள் நாலைந்து ஆவிகள் மாறி மாறிப் புகுவதை நிற்கும் நிலையை வைத்தே வேறுபடுத்திக் காட்டினார். அதைப் பார்த்தபின் "உள்ளே யார் இருந்தால் என்ன" என்று யாரும் சொல்லக்கூடாது.

சைக்ளோன் சவாரி எழுதியது:

தேன்மொழி, அந்தக் கண்ணீர்க் கோட்டை இத்தனை ஆண்டும் அழகுக்காக வரைந்தது என்றே நினைத்திருந்தேன். நன்றி.

கண்ணனுக்கு: உங்கள் கணக்கில் பிழையில்லை. சசாகியின் பங்கைக் குறைக்கும் எண்ணமும் எனக்கில்லை. இன்னொன்றையும் சேர்த்துக்கொள்ளுங்கள். இருவரும் என்.எல்.டி. என்ற நாடகக் குழுவில் ஒன்றாக இருந்தவர்கள். நண்பன் அடிபட்டுக் கிடக்கும்போது அவன் இடத்தைப் பிடிப்பதா என்று சசாகி தயங்கினார். ஃபுஜியோகா எழுந்து வரும்வரை மட்டும் என்ற பேச்சோடு ஒப்புக்கொண்டார். சொன்னபடியே ஒதுங்கிக்கொண்டார். தொடர் உச்சத்தில் இருக்கும்போது இடத்தைக் காலி செய்வது எந்த ஊர்த் திரையுலகில் நடக்கும்?

1972 ஜனவரி 1, புத்தாண்டு நாள், 40-ஆம் எபிசோடு. இரு ரைடர்களும் முதன்முறையாகச் சேர்ந்து வருகிறார்கள். சகுராஜிமா எரிமலைப் பக்கத்துக் கறுப்புப் பாறை நிலம். அதைப் பார்க்கும்போது எனக்கு அந்தக் கதாபாத்திரங்கள் தெரிவதில்லை. ஒருவன் கட்டிலிலிருந்து எழுந்து வந்திருக்கிறான், இன்னொருவன் இடத்தைத் திருப்பிக் கொடுக்கப் போகிறான், இருவரும் தோளோடு தோள் நின்று சிரிக்கிறார்கள். அவ்வளவுதான் தெரிகிறது.

திரும்பி வந்தவர் சசாகிக்காகப் பிறந்த அந்த மரபை அப்படியே ஏற்றுக்கொண்டார். தனக்கென்று வேறொரு அசைவோடு, "ரைடர்… ஹென்ஷின்!" என்று. முதல் பத்தியில் நான் விவரித்தது இந்த அசைவைத்தான். பதிலாள் கண்டுபிடித்த வழக்கத்துக்கு அசல் ஆள் வந்து பணிந்தார். எனக்கு இது பிடித்திருக்கிறது.

வடிவேலன் எழுதியது:

நடுவில் புகுவதற்கு மன்னிக்கவும். ரைடர்களுக்கு பைக் கடை அண்ணாச்சிபோல ஒருவர் வருவாரே, எப்போதும் திட்டிக்கொண்டும் தேநீர் கொடுத்துக்கொண்டும்? அவரை வேறெங்கோ பார்த்த நினைவு.

சைக்ளோன் சவாரி எழுதியது:

தச்சிபானா தோபெய். நடித்தவர் கொபயாஷி அகிஜி. அல்ட்ராமேனில் அறிவியல் காவல்படையின் தலைவர் முரமத்சு அவர்தான். இரண்டு பெரும் தொடர்களுக்கும் ஒரே மனிதர் தகப்பன்போல நின்றது ஜப்பானியப் பிள்ளைகளுக்குக் கிடைத்த வரம். 1996-ல் காலமானார். இவரைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் தனி இழை வேண்டும்.

கரிசல் கண்ணன் எழுதியது:

சரி, தொடரை விடுவோம். தொழில்வாழ்க்கை முழுவதையும் எடுங்கள். மியாவுச்சி ஹிரோஷி என்று ஒருவர் இருக்கிறார். 1973-ல் அடுத்த தொடரான கமென் ரைடர் வி3-யின் நாயகன். 1975-ல் கோரெஞ்சர் தொடரில் நீல வீரன். 1977-ல் ஜாக்கர் தொடரில் பிக் ஒன் என்ற நாயகன். அதே ஆண்டு ஸுபாத் தொடரின் நாயகன். முழுநேரமும் நாயக வேடத்துக்காகவே வாழ்ந்தவர். அதை வெட்கமில்லாமல் கொண்டாடியவர். ஃபுஜியோகா என்ன செய்தார்? தொடர் முடிந்ததும் பெரிய படத்துக்குப் போனார். 1973-ல் தோஹோவின் "ஜப்பான் மூழ்குகிறது", அடுத்த ஆண்டு "எஸ்பை". ஜப்பானின் பொதுத் தொலைக்காட்சியான என்.எச்.கே.யின் வரலாற்றுத் தொடரில் சகமோத்தோ ரியோமா. 1977 முதல் துப்பறியும் தொடர். விட்டுப் போனவர் அவர். வயதான பிறகு திரும்பி வந்து "நான்தான் முதலாமவன்" என்றால் எப்படி?

சைக்ளோன் சவாரி எழுதியது:

விட்டுப் போனார் என்பது பாதி உண்மை. வி3-யிலேயே சசாகியோடு வந்து தலைகாட்டினார். ஆனால் ஒப்புக்கொள்கிறேன், அவர் அந்த உடுப்பிலேயே தங்கவில்லை. தங்கியிருந்தால் "ஜப்பான் மூழ்குகிறது" படத்தின் நீர்மூழ்கி ஓட்டுநர் ஒனோதெரா நமக்குக் கிடைத்திருக்க மாட்டார்.

இப்போது காற்புள்ளிக்கு வருகிறேன். 1984 வாக்கில் அவர் அமெரிக்கா போய் ஒரு படத்தில் நாயகனாக நடித்தார். 400 ஆண்டுகள் பனியில் உறைந்து கிடந்த சாமுராய் லாஸ் ஏஞ்சல்ஸில் கண் விழிக்கும் கதை. சிறு முதலீட்டுப் படம், பெரிதாக ஓடவில்லை. ஆனால் அந்தச் சாமுராயை அவர் கோமாளியாக்க விடவில்லை. வாளை உறையிலிருந்து எடுப்பதிலும் திரும்பச் செருகுவதிலும் அவசரமே இல்லை. சுற்றியிருக்கும் நகரம்தான் கோமாளித்தனமாகத் தெரியும்.

அந்தக் காலத்தில்தான் தன் பெயரின் முடிவில் ஒரு காற்புள்ளி சேர்த்துக்கொண்டார். முற்றுப்புள்ளி அல்ல, காற்புள்ளி. நான் இன்னும் முழுமையாகவில்லை என்பது பொருள். அன்றிலிருந்து சுவரொட்டியிலும் எழுத்தோட்டத்திலும் அப்படியேதான் அச்சாகிறது. வாக்கியத்தின் நடுவில் வந்தாலும் காற்புள்ளி உண்டு. ஜப்பானியப் பத்திரிகைகளில் மெய்ப்புத் திருத்துபவர்கள் எத்தனை முறை அடித்திருப்பார்களோ! நம் நெறியாளரும் அந்த வரிசையில் சேர்ந்துவிட்டார்.

பினாங்கு மாறன் எழுதியது:

நெறியாளர் ஐயா, காதில் விழுகிறதா?

இன்னொரு முகத்தை யாரும் சொல்லவில்லையே. 1997, 98-ல் சேகா சாட்டர்ன் விளையாட்டுக் கருவிக்கு வந்த விளம்பரங்கள்! வெள்ளை ஜூடோ உடையில் சேகாதா சான்ஷிரோ என்ற ஆசான். வெளியே போய்ப் பொழுதைக் கழிக்கும் இளைஞர்களைத் தேடிப்பிடித்துத் தூக்கி எறிவார். எறியப்பட்டவர்கள் வெடிப்பார்கள்! ஏன்? வீட்டில் உட்கார்ந்து சேகா சாட்டர்ன் விளையாடாத குற்றம். பெயரே ஒரு சிலேடை. இயக்குநர் குரோசாவாவின் முதல் படமான சுகாதா சான்ஷிரோவின் பெயரைத் திருகி, "சேகா சாட்டர்ன் விளையாடு" என்று காதில் விழும்படி செய்திருப்பார்கள். பிரம்மாண்டமான ஒரு சேகா சாட்டர்ன் கருவியை முதுகில் சுமந்துகொண்டு மலையில் பயிற்சி செய்வார். அவர் முகத்தில் மட்டும் ஒரு துளி சிரிப்பு இருக்காது. கடைசி விளம்பரத்தில் சேகா அலுவலகத்தை நோக்கி வரும் ஏவுகணையைக் கட்டிப்பிடித்து விண்வெளிக்குக் கொண்டுபோய் உயிர் விடுவார். ஒரு விளையாட்டுக் கருவியின் விற்பனை முடிவதற்கு இப்படி ஒரு வீரமரணம்!

மாற்று மனிதனாக அழுத அதே முகம், அதே தீவிரம். வசனம் மட்டும்தான் பைத்தியக்காரத்தனம்.

தேன்மொழி எழுதியது:

சிரிக்காமல் இருப்பதுதான் அங்கே வேலை. நகைச்சுவை என்று தெரிந்துகொண்டு நடித்தால் அந்த விளம்பரம் ஒரு வாரம்கூட நின்றிருக்காது. ரைடரிலும் அப்படியே. ரப்பர் உடுப்புப் போட்ட வௌவால் மனிதனைப் பார்த்து உண்மையாகவே சினம் கொள்ள ஒருவரால் முடிய வேண்டும். பலரால் முடியாது. கண்ணில் ஒரு கேலி மின்னிவிடும்.

கரிசல் கண்ணன் எழுதியது:

அந்தத் தீவிரமே 2016-ல் எனக்குச் சுமையாகிவிட்டது. "கமென் ரைடர் 1-கோ" (முதலாம் ரைடர்) படத்தைத்தான் சொல்கிறேன். தொடரின் 45-ஆம் ஆண்டு. திட்டத்திலேயே அவர் பங்கு உண்டு. கனேதா ஒசாமு இயக்கம், இனோவே தோஷிகி எழுத்து. அப்போது ஓடிக்கொண்டிருந்த கோஸ்ட் தொடரின் பிள்ளைகள் ஓரமாக நிற்க, பெரியவர் உயிரின் மதிப்பைப் பற்றிப் பேசிக்கொண்டே இருக்கிறார். தச்சிபானாவின் பேத்தி மாயுவோடு அவர் வெளியே போகும் பகுதி ஒரே இழுவை. எழுபது வயது உடம்புக்கு ஏற்றாற்போல் ரைடரின் உடுப்பையும் தடித்துவிட்டார்கள். வெட்டுக்கிளி எருமையானது.

சைக்ளோன் சவாரி எழுதியது:

எருமை என்றதற்குச் சிரித்துவிட்டேன், மறுக்க முடியவில்லை. மாயு பகுதி இழுவை என்பதும் சரி.

ஆனால் ஒரே ஒரு இடம். ஹோங்கோ வீதியில் நின்று அந்தக் கையை நீட்டுகிறார். இருபத்தைந்து வயதில் அந்தக் கை காற்றை வெட்டியது. இப்போது காற்றைத் தள்ளுகிறது. தோள் இறுகி, விரல்கள் முழுதும் நேராகாமல், ஆனால் ஓரங்குலம்கூடக் குறைக்காமல் முழு வட்டத்தையும் போடுகிறார். வெட்டி ஒட்டி இரண்டு நொடியில் முடித்திருக்கலாம். முடிக்கவில்லை. முறிந்த தொடைமேல் நின்றுகொண்டு செய்கிறார் என்று தெரிந்தவர்களுக்கு அந்த இடம் வேறு.

அதே ஆண்டில் என்.எச்.கே.யின் வரலாற்றுத் தொடரான சனதா மாருவில் ஹோண்டா தடகத்சுவாகவும் நடித்தார். போர்க்களத்துக் கிழச்சிங்கம். மகளைக் கட்டிக்கொடுத்த இடத்தில் அவர் திண்டாடுவதைப் பாருங்கள். 2016 படத்தில் நீங்கள் தேடிய நெகிழ்வு அங்கே இருக்கிறது.

1-கோ படத்தில் எதிரியாக வரும் நரகத் தூதுவனைப் பற்றியும் ஒரு சொல். நடித்தவர் ஓசுகி ரென். ஹோங்கோவைத் தேடித் தேடி மோதத் துடிக்கும் கிழட்டு எதிரி. நண்பர்கள் எல்லோரும் போய்விட்ட பிறகு பழைய பகைவனாவது மிஞ்சியிருக்கிறானே என்ற ஆறுதல் இருவர் முகத்திலும் தெரியும். ஓசுகி 2018-ல் மறைந்தார்.

கரிசல் கண்ணன் எழுதியது:

நரகத் தூதுவன் விஷயத்தில் நீங்கள் சொல்வதற்குத் தலைவணங்குகிறேன். மற்றதில் என் கட்சி மாறவில்லை. சசாகி இல்லாமல் இந்தப் படம் "முதலாமவன்" என்று பெயர் வைத்துக்கொள்ள முடியாது.

வடிவேலன் எழுதியது:

ஜப்பானில் வேலை பார்த்தபோது மியாகி மாகாணத்து இஷினோமாகி போயிருக்கிறேன். கமென் ரைடரைப் படைத்த ஓவியர் இஷினோமோரி ஷோதாரோவுக்கு அங்கே விண்கலம்போல ஒரு காட்சியகம் உண்டு. ரயிலடியிலிருந்து போகும் வழியெல்லாம் அவர் படைத்த பாத்திரங்களின் சிலைகள். 2011 ஆழிப்பேரலை அந்தக் காட்சியகத்தின் கீழ்த்தளத்தை அடித்துக்கொண்டு போனது. 2012 நவம்பரில் மீண்டும் திறந்தார்கள். தெருவில் ஒரு ரைடர் சிலை. பக்கத்தில் ஒரு தாத்தாவும் பேரனும். பையன் ஏதோ புது ரைடரின் அசைவைச் செய்கிறான், தாத்தா தலையாட்டி மறுத்துவிட்டு இரண்டு கைகளையும் வலப்பக்கம் நீட்டிக் காட்டுகிறார். அப்போது எனக்கு வேறுபாடு தெரியாது. இந்த இழையைப் படித்த பிறகுதான் புரிகிறது, தாத்தா சொல்லிக்கொடுத்தது சசாகியின் அசைவு.

கரிசல் கண்ணன் எழுதியது:

அந்தத் தாத்தாவை எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

பினாங்கு மாறன் எழுதியது:

நேற்று இரவு "பியாண்ட் ஜெனரேஷன்ஸ்" என்ற கமென் ரைடர் படம் பார்த்தேன். 2021 டிசம்பரில் வந்தது. இளம் ஹோங்கோவாக வருபவர் ஃபுஜியோகாவின் மகன் மாயித்தோ. அதற்கு முந்தைய ஆண்டு சேகாவின் 60-ஆம் ஆண்டு விளம்பரத்தில் சேகா ஷிரோவாக வந்தவரும் அவரே. அப்பாவின் இரண்டு வேடங்களையும் மகன் ஏற்றுவிட்டார்! மோவாய் அச்சு அசல். ஆனால் தேன்மொழி அக்கா சொன்ன அந்த நடையைத் தேடினேன், தோளை முன்தள்ளி, குதிகாலை அழுத்தி… அது இல்லை. இளைஞர், இலகுவாக நடக்கிறார்.

தேன்மொழி எழுதியது:

இருக்கக்கூடாது மாறன். அப்பா நடையில் மகன் நடந்தால் அது பலகுரல் கலை. 2023-ல் அன்னோ ஹிதெயாகி இயக்கிய "ஷின் கமென் ரைடர்" படம் வந்ததே, அதில் இகெமத்சு சோசுகே செய்த ஹோங்கோவைப் பாருங்கள். முகமூடியைக் கழற்றிய பிறகு கை நடுங்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பான், தான் அடித்த அடியில் எதிராளி செத்துவிட்டான் என்ற அதிர்ச்சியில். ஃபுஜியோகாவின் சாயல் ஒரு துளியும் இல்லை. இருந்தும் ஹோங்கோதான்.

நெறியாளர் எழுதியது:

இழையை முழுவதும் இப்போதுதான் படித்தேன். தலைப்பில் காற்புள்ளியை மீண்டும் போட்டு, அடைப்புக்குறிக்குள் ஒரு குறிப்பும் சேர்த்துவிட்டேன். நம் தளத்தின் தேடல் வசதி பெயருக்குப் பின்னால் காற்புள்ளி வந்தால் திணறுகிறது என்பதைத் தெரிவித்துக்கொள்கிறேன். தேடுபவர்கள் "வெட்டுக்கிளி" என்று தட்டச்சு செய்யவும். ஏற்கெனவே அந்தச் சொல்லில் வேளாண்மைப் பிரிவில் நான்கு இழைகள் இருக்கின்றன, கவனம்.

வடிவேலன் எழுதியது:

அந்த நான்கில் ஒன்று நான் தொடங்கியது. இன்று காலை அங்கே யாரோ வந்து, மருந்து அடிக்காமல் விரட்ட வழி கேட்டிருந்தார். "ஷாக்கரிடம் சொல்லுங்கள்" என்று எழுதிவிட்டு அழித்துவிட்டேன்.